உப்பு என்னும் சொல்

ஒரு சொல்லுக்குப் பொருள் பல இருத்தல் தமிழுக்குப் புதிதன்று. 'மா' என்னும் ஓரெழுத்துச் சொல் மரத்தையும் குறிக்கும், விலங்கையும் குறிக்கும், நில அளவையும் குறிக்கும். இடம் நோக்கிப் பொருள் கொள்ளுதல் நம் முன்னோர்க்குக் கைவந்த பழக்கம். ஆயினும், ஒரு சொல் அடுக்களையில் ஒரு பொருளும் ஆய்வுக்கூடத்தில் மற்றொரு பொருளும் தந்து நிற்குமாயின், அவ்விரண்டையும் பிரித்தறியாதார் மயங்குவர். அம்மயக்கம் தேர்வில் சில மதிப்பெண்களை இழப்பதோடு முடியலாம். உடல்நலத்தைக் கெடுக்கும் அளவுக்கும் செல்லலாம். அத்தகைய சொற்களுள் ஒன்று 'உப்பு'.

யான் வாழும் தேங்காய்த்திட்டு புதுச்சேரி நகரின் தென்பால் கழிமுகத்தை அடுத்துள்ள ஊர். ஒருபால் அலையாத்தி மரங்கள். மற்றொருபால் மீன்பிடித் துறைமுகம். ஓதம் ஏறி வடிந்தபின், வெயிலிற் காய்ந்த சேற்றின்மேல் வெள்ளைப் பூப் பூத்தாற்போல உப்புப் படிந்திருக்கும். இங்கே பிறந்த குழந்தைக்கு உப்பு இன்னதென்று எவரும் சொல்லித் தரவேண்டுவதில்லை. அக்குழந்தை வளர்ந்து பள்ளிக்குச் சென்று வேதியியல் நூலைத் திறக்கும்போதுதான், தான் அறிந்த உப்பு ஒன்று, நூல் கூறும் உப்பு பல என்பதைக் காண்கிறது. "ஐயா, மயில்துத்தம் உப்பு என்று எழுதியிருக்கிறதே, அதை உண்ணலாமா?" என்று ஒரு மாணவன் என்னை வினவியதுண்டு. நகைப்பிற்குரிய வினா அன்று அது. சொல்லின் பொருளைத் தனக்குத் தெரிந்த அளவில் நேர்மையாகக் கொண்டவன் கேட்ட வினா.

முதற்கண் வழக்குப் பொருளைக் காண்போம். நம் நூலோர் சுவையை ஆறாக வகுத்தனர்: இனிப்பு, புளிப்பு, கார்ப்பு, உவர்ப்பு, துவர்ப்பு, கைப்பு. இவற்றுள் உவர்ப்பு என்பது சுவையின் பெயர். உப்பு என்பது அச்சுவையுடைய பொருளின் பெயர். இக்காலத்தார் 'குழம்பு உப்பாக இருக்கிறது' என்று பொருட்பெயரைச் சுவைக்கு ஏற்றிக் கூறுகின்றனர். பழைய வழக்கில் இவ்விரண்டும் வேறு வேறாகவே நின்றன. இவ்வேறுபாட்டை நினைவிற் கொள்க, பின்னர்ப் பயன்படும்.

உப்பை நாம் 'செய்கிறோம்' என்பதில்லை, 'விளைக்கிறோம்' என்கிறோம். நெல் விளைவது வயல். உப்பு விளைவது அளம். நெய்தல் நிலத்து அளங்களில் விளைந்த உப்பை உமணர் வண்டியேற்றி உள்நாடு சென்று நெல்லுக்கு மாற்றிய செய்தியைச் சங்கப் பாடல்கள் கூறும். 1930ஆம் ஆண்டு ஏப்பிரல் திங்களில் இராசாசியின் தலைமையில் திருச்சிராப்பள்ளியினின்று வேதாரணியம் வரை நடந்து சென்றோர் சட்டத்தை மீறி அள்ளியதும் இவ்வுப்பையே. இன்றும் நமக்கு வடக்கே மரக்காணத்திலும், தெற்கே தூத்துக்குடியிலும் உப்பளங்கள் வெண்மணற் குன்றுகள் போல் விளங்குகின்றன.

அவ்வளத்தின் பாத்தியருகே சிறிது நேரம் நின்று நோக்குவோமாயின், வேதியியலார் உப்பைப் பன்மையாகக் கூறுவதன் காரணம் அங்கேயே விளங்கிவிடும். கடல்நீர் ஒரு லிட்டரில் ஏறத்தாழ 35 கிராம் அளவுக்கு உப்புகள் கரைந்துள்ளன. அவற்றுள் முக்காற்பங்குக்குச் சற்று மேற்பட்டது சோடியம் குளோரைடு. அதுவே நாம் சோற்றில் இடும் உப்பு. எஞ்சியவை மக்னீசியம் குளோரைடு, மக்னீசியம் சல்பேட்டு, கால்சியம் சல்பேட்டு, பொட்டாசியம் குளோரைடு முதலாயின. வெயிலால் நீர் சுண்டச் சுண்ட, இவை எல்லாம் ஒருங்கே படிவதில்லை. கால்சியம் சல்பேட்டு முந்திப் படியும். அதன்பின் நம் உணவுப்பு படிகமாகும். மக்னீசிய உப்புகள் எளிதிற் படியாமல், எஞ்சிய நீரிலேயே தங்கும். அந்நீர் நாவிற்குக் கைக்கும். அளத்தொழிலாளர் அதனை வடித்து அகற்றுவர். சரிவர வடிக்கப்படாத கல்லுப்பு, கார்காலத்தில் சாடியிலேயே நீர் விட்டு ஒழுகுவதைக் கண்டிருப்பீர்கள். அங்ஙனம் காற்றின் ஈரத்தை ஈர்ப்பது பெரும்பாலும் அதனொடு கலந்து நின்ற மக்னீசியம் குளோரைடே. ஆகவே, அளத்திற் பாடுபடும் தொழிலாளி, 'உப்புகள்' என்னும் சொல்லை அறியாவிடினும், அப்பொருளை நன்கறிந்தவர்.

இனி வேதியியலார் கொள்ளும் பொருள். அமிலமும் காரமும் தம்முள் கூடி வினைபுரியுங்கால், ஒன்றன் இயல்பை மற்றொன்று அழிக்கும்; நீரும் உப்பும் தோன்றும். ஹைட்ரோகுளோரிக் அமிலமும் சோடியம் ஹைட்ராக்சைடும் தனித்தனியே தோலை அரிக்க வல்லவை. உரிய அளவிற் கூட்டினாலோ, எஞ்சுவது நாம் அன்றாடம் உண்ணும் உப்புக் கரைந்த நீரே. வேறு வகையாகக் கூறின், அமிலத்தில் உள்ள ஹைட்ரஜனின் இடத்தை ஓர் உலோகமோ அம்மோனியமோ பற்றிக்கொள்ளத் தோன்றும் பொருள் உப்பு. நேர்மின் அயனியும் எதிர்மின் அயனியும் ஒன்றையொன்று ஈர்த்து அடுக்கடுக்காக நிற்பதே அதன் கட்டமைப்பு.

இவ்விலக்கணத்தில் சுவை என்னும் பேச்சே இல்லை என்பதை நோக்குக. உவர்ப்பு உப்பின் இலக்கணத்தினின்றும் நீங்கிவிட்டது. மக்னீசியம் சல்பேட்டாகிய பேதியுப்பு கைக்கும். காரீயத்தின் உப்புகளுள் ஒன்றாகிய ஈய அசிட்டேட்டு இனிக்கும். ஆயினும் கொடிய நஞ்சு. மயில்துத்தமாகிய தாமிர சல்பேட்டு கண்ணைப் பறிக்கும் நீலம், அதுவும் உண்ணத்தகாதது. கழிக்கரையில் கிடக்கும் கிளிஞ்சலுக்குச் சுவையே இல்லை; நீரிலும் கரைவதில்லை; எனினும் அது கால்சியம் கார்பனேட்டு என்னும் உப்பு. கரும்பலகையில் எழுதும் சுண்ணக்கட்டியும் உப்பே.

கிளிஞ்சலைக் கூறியதனால் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. கிளிஞ்சலைச் சூளையிலிட்டுச் சுட்டால் கரியமிலவாயு நீங்கிச் சுண்ணாம்பு கிடைக்கும். அது நீர் பட்டால் காரமாகும். அதனைக் குழைத்துச் சுவரிற் பூசினால், நாளடைவில் காற்றிலுள்ள கரியமிலவாயுவை ஏற்று மீண்டும் கால்சியம் கார்பனேட்டாக இறுகும். உப்பாக இருந்தது காரமாகி, மறுபடி உப்பாயிற்று. பெயரிலேயே சுண்ணாம்பைத் தாங்கிய சுண்ணாம்பாறு ஓடும் இந்நாட்டில், பழைய வீடுகளின் சுண்ணாம்புச் சுவர்கள் எல்லாம் இம்மாற்றத்துக்குச் சான்றாக நிற்கின்றன.

உப்புக்கு இவ்விரிந்த இலக்கணத்தை வகுத்தோருள் தலையாயவர் பிரெஞ்சு நாட்டு வேதியியலார் ருயெல் என்பவர். பாரிசு நகரில் அவர் நிகழ்த்திய விரிவுரைகளைக் கேட்டவருள் இலவாசியரும் ஒருவர். அமிலத்தொடு கூடி, அதற்குத் திண்ணிய வடிவம் தந்து உப்பாக்கும் பொருளை 'அடி' என்னும் பொருள்படும் சொல்லால் ருயெல் குறித்தார். அக்கட்டுரை 1754ஆம் ஆண்டிற்கு உரியது. துய்ப்பிளேக்சு புதுச்சேரியின் ஆளுநர் பதவியை இழந்து கப்பலேறியதும் அதே ஆண்டிலேதான். அவ்வாளுநரின் பெயரை அறிந்த நம் ஊரார் பலர். ருயெலின் பெயரை அறிந்தார் சிலரே. பின்னர் 1787ஆம் ஆண்டில் இலவாசியரும் நண்பர் மூவரும் சேர்ந்து வேதியியற் பெயரிடு முறை ஒன்றை வெளியிட்டனர். சல்பேட்டு, நைட்ரேட்டு என ஈற்றொலியால் உப்பின் பிறப்பை அறிவிக்கும் வழக்கம் அதனால் நிலைபெற்றது. அதற்கு முன் ஐரோப்பியரும் ஆளின் பெயராலும் ஊரின் பெயராலும் உப்புகளை அழைத்து இடர்ப்பட்டவர்களே.

நிற்க. 'உப்பு' என்னும் சொல்லை இவ்வாறு விரித்தது மேனாட்டாரைப் பார்த்து நாம் செய்த செயற்கையா? இல்லை என்பதே என் துணிபு. சித்த மருத்துவ நூலோர் காரசாரம் என ஒரு வகுப்பை அமைத்து, அதன்கண் 25 பொருள்களை அடக்கினர். சோற்றில் இடுவதைக் 'கறியுப்பு' என்றனர். சிந்து நாட்டினின்று வந்த பாறையுப்பை 'இந்துப்பு' என்றனர். வாணவெடிக்குப் பயன்படும் பொட்டாசியம் நைட்ரேட்டு 'வெடியுப்பு' ஆயிற்று. வெடியுப்பை எவரும் குழம்பில் இட்டதில்லை. ஆயினும் அதனை உப்பு என அழைக்க நம்மவர் தயங்கவில்லை. நீரிற் கரைந்து, சுண்டினால் படிகமாகும் பொருள்களை ஓரினம் எனக் கண்ட கூர்மை அது. பித்தளைப் பாத்திரத்துக்கு ஈயம் பூசுவோர் கையாண்ட நவச்சாரம் அம்மோனியம் குளோரைடு. நாவிதர் கைப்பெட்டியிலும், கலங்கல் நீரைத் தெளிவிப்போர் வீட்டிலும் இருந்த படிகாரம் ஓர் இரட்டை உப்பு. பொற்கொல்லர் பற்றவைப்பதற்கு இட்ட வெண்காரமும் உப்பே. இவர்களுள் எவரும் வேதியியற் பாடம் கேட்டவர் அல்லர். தொழில் அவர்களுக்குப் பெயர்களைத் தந்தது.

இவற்றுள் படிகாரம், வெண்காரம் என்னும் பெயர்களிற் 'காரம்' நிற்பதைக் கண்டு மயங்கற்க. படிகாரக் கரைசல் நீல லிட்மசுத் தாளைச் சிவப்பாக்கும். அஃதாவது அமிலத் தன்மை காட்டும். பெயரிற் காரம், இயல்பில் அமிலம், வகையில் உப்பு! சமையற் சோடாவோ உப்பாயினும் சிறிது காரத் தன்மை உடையது. உப்பென்றால் அமிலமுமன்று காரமுமன்று என்று உருப்போட்டு ஒப்பிக்கும் மாணவர் இவ்விரண்டையும் ஒருமுறை தாமே லிட்மசுத் தாளால் சோதித்துப் பார்ப்பாராக.

'காரம்' என்னும் சொல்லே ஒரு தொல்லைதான். மிளகாயின் உறைப்பையும் காரம் என்கிறோம். அமிலத்துக்கு மறுதலையையும் காரம் என்கிறோம். மிளகாய்க்கும் வேதியியற் காரத்துக்கும் உறவில்லை. கடலுக்கு அப்பால் இலங்கைத் தமிழர் தம் பாடநூல்களில் 'மூலம்' என்று வேறு பெயர் வைத்துள்ளனர். ருயெல் கருதிய பொருளுக்கு அது அணிமையானது. அச்சொல் அவர்களுடையதே எனினும், நாமும் எண்ணிப் பார்க்கத்தக்கது. உப்பு என்னும் சொல்லிலோ இருகரைத் தமிழரும் வேறுபடவில்லை.

அறிஞர் சிலர், "பொருள் மயக்கம் தரும் 'உப்பு' வேண்டா, 'சால்ட்' என்றே எழுதுக" என்பர். வேறு சிலர் 'லவணம்' என்னும் வடசொல்லை நாடுவர். இவ்விரு சாராரும் ஒன்றை மறந்தனர். ஆங்கிலத்தில் அச்சொல் உணவு மேசையில் இருப்பதையும் குறிக்கும். ஆய்வுக்கூடத்துப் புட்டியில் இருப்பதையும் குறிக்கும். பிரெஞ்சு மொழியில் 'செல்' என்பதற்கும் அவ்விரு பொருளும் உண்டு. லவணமும் அத்தகையதே. நோயை நீக்காமல், நோயாளியின் சட்டையை மட்டும் மாற்றுவதால் பயன் என்னை? 'சால்ட்' என்றால் மயக்கம் நீங்காது. வெடியுப்பு, பேதியுப்பு, இந்துப்பு என்னும் உறவுகள் மட்டும் அறுந்துபோம். அதற்காக, சோடியம், பொட்டாசியம் என்னும் பெயர்களையும் வலிந்து தமிழாக்க வேண்டும் என்று யான் கூறேன். அவை உலகத்தார் அனைவரும் ஆளும் தனிமப் பெயர்கள், இருந்துவிட்டுப் போகட்டும்.

கலைச்சொற்களைக் 'குழூஉக்குறி' என்பாரும் உளர். இதனை யான் உடன்படேன். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பது குழூஉக்குறிக்கு உரையாசிரியர் காட்டும் உதாரணம். ஒரு கூட்டத்தார் தமக்குள் வழங்கிக்கொள்ளும் பெயர் அது. அருகில் நிற்கும் பிறனுக்கு விளங்காது. கலைச்சொல்லின் நோக்கம் இதற்கு நேர்மாறானது. அறியாதான் ஒருவன் அறியும்படி, ஐயத்துக்கு இடமின்றிப் பொருளைக் காட்டவேண்டும். இந்நோக்கத்தோடுதான் யாழ்ப்பாணத்து மானிப்பாயில் மருத்துவம் கற்பித்த கிறீன் என்னும் அமெரிக்க மருத்துவர் தமிழில் நூல்கள் அமைத்தார். அவர்தம் 'கெமிஸ்தம்' 1875ஆம் ஆண்டில் வெளிவந்தது. 1916ஆம் ஆண்டில் சேலத்தில் இராசாசி முதலானோர் தமிழில் அறிவியற் சொற்களை ஆக்க ஒரு சங்கம் கண்டனர். அக்காலத்துப் புதுச்சேரியில் வாழ்ந்த பாரதியாரும் இப்பொருள் குறித்துக் கட்டுரை எழுதியுள்ளார். இவர்களெல்லாம் சொற்களைத் தேடியது பண்டிதர்க்காக அன்று, படிக்கும் பிள்ளைகட்காக.

இனி, உடல்நலம் பற்றித் தொடக்கத்திற் கூறியதற்கு வருவேன்.

நம் ஊர்களில் சிறுநீரகம் தளர்ந்தவரைப் பற்றி, "அவருக்கு உடம்பில் உப்பு ஏறிவிட்டது" என்பர். ஆய்வறிக்கைத் தாளை வாங்கிப் பார்த்தால், அங்கே கூடியிருப்பது கிரியேட்டினினாக இருக்கும். அல்லது யூரியாவாக இருக்கும். சிறுநீரில் அல்புமின் என்னும் புரதம் கழிவதையும் சிலர் 'உப்புச் சத்து' என்கின்றனர். இம்மூன்றும் உப்பு அல்ல. கிரியேட்டினின் தசையின் வினையால் உண்டாகும் கழிவு, யூரியா புரதத்தின் கழிவு, அல்புமினோ புரதமே. அடுக்களைப் பொருளிலும் இவை உப்பு அல்ல. வேதியியற் பொருளிலும் அல்ல. மூன்றாவதாக ஒரு பொருளை நாமே புனைந்து அச்சொல்லின் தலையில் ஏற்றிவிட்டோம்.

எம் தெருவில் முதியவர் ஒருவருக்கு இவ்வாறே 'உப்பு ஏறிற்று'. வீட்டார் அவர்மேல் அன்புடையவர்கள். கறியுப்பை நிறுத்தி, முதலில் இந்துப்பு வாங்கினர். இந்துப்பும் பெரும்பான்மை சோடியம் குளோரைடே. பெயரும் நிறமும் விலையும் வேறு, அவ்வளவே. பின்னர் எவரோ கூறக் கேட்டுச் 'சோடியம் குறைந்த உப்பு' என்று பொதி மேல் அச்சிட்டதை வாங்கினர். அதில் சோடியம் குறைந்ததன் காரணம், அதன் இடத்தில் பொட்டாசியம் குளோரைடு சேர்த்திருந்தமை. நலமுள்ள சிறுநீரகம் மிகைப்பட்ட பொட்டாசியத்தை வெளியேற்றிவிடும். தளர்ந்த சிறுநீரகம் அங்ஙனம் செய்ய மாட்டாது. குருதியிற் பொட்டாசியம் மிகுந்தால் இதயத்துடிப்பே நிலைகுலையும். உலகச் சுகாதார நிறுவனம் 2025ஆம் ஆண்டு சனவரியில் சோடியம் குறைந்த உப்பைப் பொதுவாகப் பரிந்துரைத்தபோதும், சிறுநீரகக் குறைபாடு உடையோர்க்கு அப்பரிந்துரை பொருந்தாது என்று விலக்கியே கூறிற்று. நல்லூழாக, "என்ன உப்புப் போடுகிறீர்கள்?" என்று மருத்துவர் கேட்டார்; பொதியைக் கொணரச் சொல்லிப் பார்த்தார்; உடனே நிறுத்தச் செய்தார். 'உப்புப் போடுகிறீர்களா?' என்று மட்டும் அவர் கேட்டிருந்தால், 'இல்லை' என்றே வீட்டார் விடை கூறியிருப்பர்; அவர்கள் மனமறியப் பொய்யும் சொல்லியிரார்.

'என்ன உப்பு' என்னும் அவ்வினாவே இச்சொல்லை ஆளும் முறை. வேதியியற் பொருளில் உப்பு ஓர் இனத்தின் பெயர். மரம் என்றால் மாவா, புளியா என்று கேட்கிறோம். உப்பு என்றாலும் அவ்வாறு கேட்டல் வேண்டும். தனி ஒன்றைக் குறிக்குங்கால் அடைமொழி கொடுத்தே எழுதுக. உணவில் இடுவதற்குக் 'கறியுப்பு' என்னும் பழைய பெயர் இருக்கிறது. பாடநூல்கள் அதனை மீட்டுக்கொண்டால், 'சோடியம் குளோரைடு' என்று எழுதும்தோறும் அஞ்சுகின்ற பிள்ளைகட்கும் எளிதாகும். உணவுப் பொதிகளில் 'சோடியம்' என்று அளவு காட்டுவர். அவ்வளவை இரண்டரையால் பெருக்கினால் கறியுப்பின் அளவு கிடைக்கும். வளர்ந்தோர்க்கு நாள் ஒன்றுக்கு 5 கிராமுக்குக் குறைவாகக் கறியுப்புப் போதும் என்பது மேற்கூறிய நிறுவனத்தின் கருத்து. அதில் உள்ள சோடியம் ஏறத்தாழ 2 கிராம். கழுத்துக் கழலை வாராமல் காக்கக் கறியுப்பில் பொட்டாசியம் அயோடேட்டைச் சிறிதளவு சேர்க்கின்றனர். அதுவும் ஓர் உப்பே. உப்புக்கே உப்பிடுகின்றனர் எனலாம்!

கிணற்று நீரைப் பற்றியும் ஒரு சொல். "எங்கள் நீரில் உப்பு மிகுதி" என்பார் இரு திறத்தர். ஒருவர் வீட்டில் நீர் நாவிற்குக் கரிக்கும். கடல்நீர் நிலத்தடியில் ஊடுருவியதால் கறியுப்பு மிகுந்த நீர் அது. மற்றொருவர் வீட்டில் சுவை கேடில்லை. ஆனால் சவர்க்காரம் நுரைக்காது. கொதிகலத்தில் வெள்ளைப் படலம் ஏறும். அது கால்சிய, மக்னீசிய உப்புகள் மிகுந்த கடின நீர். பைகார்பனேட்டுகளால் வந்த கடினம் காய்ச்சினால் குறையும். கரிப்போ எவ்வளவு காய்ச்சினாலும் குறையாது, நீர் சுண்டுவதால் மிகவே செய்யும். இந்தியத் தர நிறுவனம், குடிநீரில் கரைந்துள்ள பொருள்கள் லிட்டருக்கு 500 மில்லிகிராம் வரை இருக்கலாம் என்றும், வேறு நீர் கிடையாதவிடத்து 2000 வரை பொறுக்கலாம் என்றும் அளவு வைத்துள்ளது. அவ்வெண் எவ்வளவு என்று சொல்லுமேயன்றி, எவை என்று சொல்லாது.

இறுதியாக, இலக்கணத்தார்க்கு மட்டும் சுவைக்கும் ஒரு செய்தி. அடுக்களை உப்புக்குப் பன்மை இல்லை. 'இரண்டு உப்புகள் கொண்டு வா' என்று எந்தத் தாயும் சொல்லமாட்டாள். 'இரண்டு கல் உப்பு' என்பாள். 'கள்' ஈறு ஏற்று 'உப்புகள்' என்று வந்தால், அது வேதியியலுக்கு உரிய சொல் எனத் தெளியலாம். ஓர் ஈற்றால் இரு பொருளையும் பிரித்துக்கொண்டது மொழி. எவரும் கூட்டம் கூட்டி முடிவு செய்யவில்லை. ஆனால் 'உப்புகள்' என்பதா, வல்லினம் மிக 'உப்புக்கள்' என்பதா என்று பண்டிதர் வாதிடுவர். எனக்கு 'உப்புகள்' என்பதே உவப்பு. மற்றதை எழுதுவாரோடு எனக்குப் பிணக்கில்லை. ஒரே பாடநூலில், எதிரெதிர்ப் பக்கங்களில், இரண்டையும் அச்சிடாதிருந்தால் போதும்.